கேஸ் ஏஜென்சிக்கு யோக்கியதை எது?

நமது உடுமலைப்பேட்டைத் தாலூகாவில் ஏதேனும் ஒரு கிராமத்துக்குக் கேஸ் ஏஜென்சி கொடுக்கப் போவதாகப் பத்திரிகையில் ஒரு விளம்பரம் வந்துவிட்டால், அடுத்த நாள் காலையில் நான்கு இடங்களில் கூட்டம் சேருவதைக் காணலாம். முதலாவது சப்-ரிஜிஸ்திரார் ஆபீசு. இரண்டாவது தாலூகா கச்சேரி. மூன்றாவது ஜோசியர் வீட்டுத் திண்ணை. நான்காவது வக்கீல் வீட்டு வாசல். முதல் இரண்டும் விண்ணப்பத்துக்குக் காகிதம் சேர்ப்பதற்காக. மூன்றாவது குலுக்கலில் பேர் விழுவதற்காக. நான்காவது, பேர் விழுந்தவன்மேல் வழக்குப் போடுவதற்காக, அல்லது பேர் விழுந்தவன் அவ்வழக்கிலிருந்து தப்புவதற்காக. அடுப்புக் கேஸும் கோர்ட்டுக் கேஸும் நம்மவர் வாயில் ஒரே சொல்லாய் இருப்பது எவ்வளவு பொருத்தம் பாருங்கள்!

இவ்வழக்குகள் நம் சென்னை ஹைக்கோர்ட்டில் மாத்திரமல்ல, வடநாட்டு ஹைக்கோர்ட்டுகளிலும் சுப்ரீம் கோர்ட்டிலுங்கூட ஏராளமாக நடந்திருக்கின்றன. ஆனால் எங்கே நடந்தாலும் வழக்கின் சாரம் ஒன்றேதான். “அவனுக்கு யோக்கியதை இல்லை, எனக்கு உண்டு” என்பதே அது. நிலத்தின் அகலம் ஒரு மீட்டர் குறைகின்றது என்பார் ஒருவர். குத்தகைப் பத்திரம் கடைசித் தேதிக்கு மறுநாள் பதிவானது என்பார் இன்னொருவர். அவன் இந்த ஊரில் குடியிருப்பவனே அல்ல, ரேஷன் கார்டை மாத்திரம் இங்கே வைத்திருக்கின்றான் என்பார் வேறொருவர். அவன் சம்சாரத்தின் பேரில் ஏற்கெனவே ஒரு பெட்ரோல் பங்க் இருக்கின்றது என்றும், அவன் காட்டிய ஜாதிச் சர்ட்டிபிகேட் செல்லாது என்றும் சொல்லுபவர்களும் உண்டு. இவற்றிலே பல உண்மையாகவும் இருக்கும். பல பொறாமையாகவும் இருக்கும். எது எது என்று பிரித்து அறிவதற்குள் வருஷங்கள் ஓடிவிடுகின்றன. அதுவரையில் அந்தக் கிராமத்துப் பெண்கள் சிலிண்டருக்குப் பக்கத்து ஊருக்கு அலைய வேண்டியதுதான்.

யோக்கியதை என்ற சொல் காதில் விழுந்தாலே நமக்குக் கொஞ்சம் சந்தேகம் உண்டாவது வழக்கம். ஏனெனில், இந்த நாட்டில் படிப்பதற்கு யோக்கியதை, குளத்தில் தண்ணீர் எடுப்பதற்கு யோக்கியதை, கோவில் தெருவில் நடப்பதற்கு யோக்கியதை என்றெல்லாம் சொல்லப்பட்டு வந்திருக்கின்றதே தவிர, அவற்றில் ஒன்றாவது ஒரு மனிதன் என்ன வேலை செய்ய வல்லவன் என்பதைப் பற்றியதாக இருந்ததில்லை. அவன் யார் வயிற்றில் பிறந்தான் என்பதைப் பற்றியதாகவே இருந்திருக்கின்றது. ஆகவே, கேஸ் ஏஜென்சிக்கு வைத்திருக்கும் யோக்கியதையும் எதைப் பற்றியது என்று கொஞ்சம் உரசிப் பார்க்கலாம்.

முதலாவதாக, ஏஜென்சி யார் சொத்து என்பதைத் தெரிந்துகொள்ள வேண்டும். இண்டேன் கேஸ் விற்கும் கம்பெனி சர்க்கார் கம்பெனி. பாரத் கேஸ் விற்கும் கம்பெனி முன்னே பர்மா ஷெல் என்னும் வெள்ளைக்காரக் கம்பெனியாயிருந்து, 1976-ல் சர்க்கார் கைக்கு வந்தது. எச்.பி. கேஸும் அப்படியே எஸ்ஸோ என்னும் அமெரிக்கக் கம்பெனியை 1974-ல் எடுத்துக் கொண்டதால் ஏற்பட்டது. ஆகவே, ஒரு ஊரில் சிலிண்டர் விற்கும் உரிமையை ஒருவருக்குக் கொடுப்பதென்பது பொது ஜனங்களின் சொத்தில் ஒரு பங்கை ஒருவருக்குக் கொடுப்பதேயாகும். கடன் வசூல் இல்லை. எதிர்க் கடை பயமில்லை. சரக்கு விலையைச் சர்க்கார் கம்பெனியே வைத்துவிடும். சிலிண்டருக்கு இவ்வளவு என்று கமிஷன் வந்துகொண்டே இருக்கும். மழை பெய்தாலும் பெய்யாவிட்டாலும் அடுப்பு எரிந்தாக வேண்டும் அல்லவா? மாரியை நம்பித் தென்னை வைத்திருக்கும் நம் தாலூகா விவசாயிக்கு இதைவிட ஆசை காட்டும் தொழில் வேறு என்ன இருக்க முடியும்?

இந்தப் பங்கை யாருக்குக் கொடுப்பது என்பதில் சர்க்கார் செய்துவந்த வித்தைகளை ஒரு முறை திரும்பிப் பார்ப்பது நல்லது. ஒரு காலத்தில் இலாகா மந்திரியே தன் இஷ்டப்படி கொடுக்கலாம் என்று ஒரு ஒதுக்கீடு இருந்தது. விதவைகளுக்கும் ஆதரவற்றவர்களுக்கும் இரக்கம் காட்டுவதற்கென்று அதற்குக் காரணம் சொல்லப்பட்டது. இரக்கம் எங்கே போய்ச் சேர்ந்தது என்றால், 1996-ல், முன்னாள் பெட்ரோலிய மந்திரி சதீஷ் சர்மா அப்படிக் கொடுத்த 15 பெட்ரோல் பங்குகளைச் சுப்ரீம் கோர்ட்டு ரத்து செய்தது. கொடுக்கப்பட்டவர்களில் அதிகாரிகளுக்கும் அரசியல்வாதிகளுக்கும் வேண்டியவர்கள் இருந்தனர் என்பது தீர்ப்பிலேயே இருக்கின்றது. மந்திரி 50 லட்ச ரூபாய் கட்ட வேண்டும் என்றுகூட அவ்வருஷமே உத்தரவாயிற்று. 1999-ல் மறு பரிசீலனையில் அந்தத் தொகை வேண்டாம் என்று விடப்பட்டது. மந்திரி தன் வீட்டுத் தோட்டத்து மாங்காயையா கொடுத்தார், இரக்கப்பட்டு அள்ளிக் கொடுப்பதற்கு?

பிறகு ஓய்வு பெற்ற ஜட்ஜுகள் தலைமையில் தேர்வுக் கமிட்டிகள் வைத்தார்கள். விண்ணப்பித்தவரை நேரில் அழைத்துக் கேள்வி கேட்டு மார்க்குப் போடுவது அந்த முறை. அதன் லட்சணம் 2002-ம் வருஷம் பத்திரிகைகளில் சந்தி சிரித்தது. ஏஜென்சிகள் ஆளுங்கட்சிக்காரர்களுக்கும் அவர்கள் சொந்தக்காரர்களுக்கும் போயிருக்கின்றன என்று பெயர் பெயராக எழுதினார்கள். உடனே வாஜ்பாய் சர்க்கார் என்ன செய்தது? 2000 ஜனவரி முதற்கொண்டு கொடுத்தவை எல்லாவற்றையும், பெட்ரோல், கேஸ், மண்ணெண்ணெய் என்ற பேதமில்லாமல், 3000-க்கு மேற்பட்டவற்றை ஒரே உத்தரவில் ரத்து செய்துவிட்டது. திருடன் வீட்டைத் தேடச் சொன்னால் தெருவையே கொளுத்துகிற புத்தி இது. அவ்வருஷம் டிசம்பரில் சுப்ரீம் கோர்ட்டு அந்த உத்தரவைத் தள்ளி, குற்றம் சாட்டப்பட்ட 413 இனங்களை மாத்திரம் இரண்டு ஓய்வு பெற்ற ஜட்ஜுகள் ஒவ்வொன்றாக விசாரிக்கட்டும் என்றது. அவர்கள் விசாரித்துப் பார்த்ததில் பெரும்பாலானவை தகுதியைப் பார்த்துக் கொடுத்தவை அல்ல என்று தெரிந்தது. ஜட்ஜுகள் உட்கார்ந்து மார்க்குப் போட்டதை மறுபடியும் ஜட்ஜுகளே விசாரிக்க வேண்டி வந்ததை வாசகர்கள் கவனிக்க வேண்டும்.

அதற்குப் பின் வந்த மார்க்கு முறையில் ஒரு கணக்கு வைத்திருந்தார்கள். 100 மார்க்கில், இடமும் கட்டிடமும் கொடுக்கும் சக்திக்கு 35; பணம் போடும் சக்திக்கு 35; படிப்புக்கு 15; வியாபாரத் திறமைக்கு 5; அனுபவத்துக்கு 4; வயதுக்கு 4; ஆள் தோற்றத்துக்கு 2. அதாவது நூற்றில் எழுபது மார்க்கு அப்பன் தேடி வைத்ததற்கு! சிலிண்டர் வியாபாரத்தை நடத்தத் தெரியுமா என்பதற்கு அனுபவமும் திறமையும் சேர்த்து ஒன்பது! பணக்காரனுக்குத்தான் கொடுப்போம் என்று ஒரு வரியில் எழுதிவிட்டால் போகாதா, அதற்கு ஒரு மார்க்குப் பட்டியல் எதற்கு?

கடைசியாக வந்திருப்பது குலுக்கல். 2009-ல் கிராமங்களுக்கென்று ஏற்பட்ட ராஜீவ் காந்தி கிராமின் திட்டத்தில் அது இடம் பெற்றது. 2016 ஜூன் மாதம் மூன்று கம்பெனிகளும் சேர்ந்து வெளியிட்ட பொது விதிகளில், தகுதியுள்ளவர்கள் எல்லோர் பெயரையும் கம்ப்யூட்டரில் போட்டுக் குலுக்கி ஒருவரை எடுப்பது என்றே ஆகிவிட்டது.

குலுக்கலென்றால் நமது தோழர்களில் சிலர் முகம் சுளிக்கின்றனர். “தலைவிதி இல்லை, அதிர்ஷ்டம் இல்லை என்று மேடைக்கு மேடை சொல்லுகிறவர்கள், ஒருவன் பிழைப்பை அதிர்ஷ்டத்துக்கு விட்டுவிடலாமா?” என்கின்றனர். நாம் குலுக்கலை ஆதரிக்கின்றோம். குலுக்கலில் விதி ஒன்றுமில்லை. பத்துப் பேர் பெயரைப் போட்டால் ஒவ்வொருவருக்கும் பத்தில் ஒரு பங்கு வாய்ப்பு என்பது கணக்கு. கணக்குக்கு மேல் அதில் ஒன்றுமில்லை. அன்றியும் கம்ப்யூட்டருக்கு ஜாதி தெரியாது; சிபார்சுக் கடிதம் படிக்கத் தெரியாது; ஆள் தோற்றத்துக்கு இரண்டு மார்க்குப் போடத் தெரியாது. மனிதர்கள் யோக்கியமாக நடக்காத இடத்தில் குருட்டு யந்திரம் கண்ணுள்ள கமிட்டியைவிட மேலானது. ஆனால் நம்மவர் அந்த யந்திரத்தையும் விட்டுவைப்பதில்லை. குலுக்கல் தேதி வந்ததும் ஒருவர் பழனிக்குப் போகின்றார், ஒருவர் திருமூர்த்தி மலைக்குப் போகின்றார், ஒருவர் மாரியம்மனுக்குப் பொங்கல் வைப்பதாய் நேர்ந்து கொள்ளுகின்றார். பன்னிரண்டு பேர் பன்னிரண்டு சாமிக்கு வேண்டிக்கொண்டு ஒருவருக்கு விழுந்தால், மற்றப் பதினோரு சாமிகளும் தோற்றுப் போயின என்றுதானே அர்த்தம்? அவற்றின் மேலும் ஹைக்கோர்ட்டில் மனுப் போடுவதுதானே!

நிற்க. குலுக்கல் நல்லது என்று நாம் சொல்லுவதற்கு ஒரு நிபந்தனை உண்டு. குடத்துக்குள் யார் யார் பெயர் போகின்றது என்பதே அந்த நிபந்தனை. இது புதிய சங்கதியல்ல. உத்திரமேரூர்க் கோவில் சுவரில் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகள் இரண்டு இருக்கின்றன. ஆயிரம் வருஷத்துக்கு முன்னமே தமிழன் குடவோலை முறையில் ஜனநாயகம் நடத்தினான் என்று பள்ளிக்கூடப் புஸ்தகங்களில் பெருமையாக எழுதுகின்றார்கள். ஓலையைக் குடத்தில் போட்டு, ஒரு சிறு பையனைக் கொண்டு எடுக்கச் செய்தது வாஸ்தவமே. ஆனால் யார் பெயர் ஓலையில் எழுதப்படும்? வரி கட்டும் சொந்த நிலம் கால் வேலிக்கு மேல் வைத்திருப்பவன்; சொந்த மனையில் வீடு கட்டியிருப்பவன்; முப்பத்தைந்து வயதுக்கு மேல் எழுபதுக்குட்பட்டவன்; வேதம் அறிந்தவன். அரைக்கால் வேலிதான் இருக்கின்றதென்றால், அதிகப்படியாக வேதமும் பாஷ்யமும் படித்திருந்தால் சலுகை! முன்னே பதவியிலிருந்து கணக்குக் காட்டாதவனும் அவன் உறவின் முறையாரும் கூடாது என்று ஒரு நல்ல விதியும் அதில் இருக்கின்றது. அதை நாம் மறைக்கவில்லை. ஆனால் அந்த ஊரில் உழுதவன், நெய்தவன், பறை அடித்தவன், பெண் இவர்களில் யாருடைய ஓலையாவது அந்தக் குடத்துக்குள் போயிருக்குமா? குலுக்கலில் பட்சபாதமில்லை, பட்சபாதமெல்லாம் குலுக்குவதற்கு முன்னமே நடந்து முடிந்துவிட்டது.

இப்போது 2016-ம் வருஷத்து விதிகளைப் படித்துப் பாருங்கள். வேதம் போய்விட்டது, பத்தாவது வகுப்பு வந்திருக்கின்றது. (1954 முதல் 1963 வரை இந்த ராஜ்யத்தை ஆண்ட காமராசர், பத்தாவது தேறாதவராதலால், இந்த விதியின்படி விருதுநகரில் ஒரு கேஸ் ஏஜென்சிக்கு மனுப் போட முடியாது. அது போகட்டும்.) வயது இருபத்தொன்றிலிருந்து அறுபது. ஆனால் நிலம் போகவில்லை. 8000 கிலோ கேஸ் வைக்கும் குடோனுக்கு 25 மீட்டருக்கு 30 மீட்டர் இடம், அதாவது ஏறக்குறைய பதினெட்டரை சென்டு, வண்டி போகும் பாதையோடு, சொந்தமாகவோ பதினைந்து வருஷத்துக்குக் குறையாத பதிவு செய்த குத்தகையாகவோ இருக்க வேண்டும். எப்போது இருக்க வேண்டும்? ஏஜென்சி கிடைத்த பிறகு அல்ல. விண்ணப்பம் கொடுக்கும் கடைசித் தேதியன்றே கையில் இருக்க வேண்டும்.

நிலம் எதற்கு என்று நாம் கேட்கவில்லை. சிலிண்டர் உப்பு மூட்டையல்ல, திண்ணையில் அடுக்கி வைப்பதற்கு. குடோனைச் சுற்றி வெற்றிடம் விட வேண்டும். வெடிபொருள் இலாகாவின் லைசென்சு வாங்க வேண்டும். ஊருக்கு நடுவே நெருக்கடியில் வைத்து அது வெடித்தால், யோக்கியதை பார்த்தா வெடிக்கும்? இடம் அவசியமே. நம் கேள்வி, இடத்தைக் கேட்கும் நேரத்தைப் பற்றியது. பத்துப் பேரில் ஒருவருக்குத்தான் கிடைக்கப் போகின்றது. அப்படியிருக்க, பத்துப் பேரும் முன்னதாகவே பதினெட்டரை சென்டு வாங்கியோ பதினைந்து வருஷக் குத்தகை எழுதியோ வைத்திருக்க வேண்டுமென்றால், நிலம் ஏற்கெனவே இருப்பவனுக்கு அது ஒரு காகித வேலை. இல்லாதவனுக்கு அது சூதாட்டம். பேர் விழாத ஒன்பது பேரில் நிலமில்லாதிருந்தவன், வேண்டாத ஒரு குத்தகையைத் தலையில் கட்டிக்கொண்டு உட்கார வேண்டியதுதான்.

அதிலும் தாழ்த்தப்பட்ட வகுப்புத் தோழர்கள் சங்கதியைச் சொல்ல வேண்டும். ஏஜென்சிகளில் தாழ்த்தப்பட்டவர்களுக்கும் பழங்குடியினருக்கும் சேர்த்து 22½ சதவிகிதமும், பிற்படுத்தப்பட்டவர்களுக்கு 27 சதவிகிதமும் ஒதுக்கியிருக்கின்றார்கள். வகுப்புவாரி உரிமை என்ற பேச்சையே கேட்கச் சகியாதிருந்த நாட்டில் இவ்வளவு வந்ததற்கு மகிழ்ச்சியே. ஆனால் ஒரு சேரியில் பி.ஏ. படித்த ஒரு வாலிபன் இந்த 22½-ல் ஒரு விளம்பரத்தைப் பார்த்து மனுப் போட நினைக்கின்றான் என்று வைத்துக்கொள்ளுவோம். அவனுக்குச் சொந்தமாக நிலமில்லை. ரோட்டோரம் இருக்கும் மூலைக் காட்டைக் கேட்டுப் போகின்றான்.

“ஏனுங்க பண்ணாடி, அந்த மூலைக் காட்டுல இருபது சென்டு பதினஞ்சு வருசத்துக்குக் குத்தகைக்கு எழுதித் தருவீங்களா? கேஸ் குடோன் வைக்கோணுமுங்க.”

“அட, அதுக்கென்னப்பா, குடுத்தாப் போச்சு. ஆனா ஒண்ணு, ஏசென்சி உம்பேருல இருக்கட்டும், நம்ம பையன் பாத்துக்குவான். உனக்கு மாசா மாசம் ஒரு தொகை வந்துரும்.”

இது நாம் எழுதிப் பார்த்த பேச்சுதான். ஆயினும் இதைப் படிக்கும் உடுமலை, குடிமங்கலம், மடத்துக்குளம் பக்கத்து வாசகர்கள் இது எங்கேயும் நடக்காத பேச்சு என்று சொல்லத் துணிவார்களா? நிலத்தைப் பிடித்திருப்பவன் கடைசியில் ஏஜென்சியையும் பிடித்துக் கொள்ளுகின்றான். ஒதுக்கீட்டுக்காரன் தன் பெயரை வாடகைக்கு விட்டவனாகின்றான். கட்டிடம் கட்டுவதற்கும் முதல் போடுவதற்கும் கடன் கொடுக்கலாம். சமமாய் நினைத்துக் குத்தகைக்கு நிலம் எழுதிக் கொடுக்கும் மனசை எந்தப் பாங்கி கடனாகக் கொடுக்கும்? ஜாதி மாறிக் கல்யாணம் செய்துகொண்ட குற்றத்துக்காக ஒரு தாழ்த்தப்பட்ட வகுப்பு மாணவனைப் பட்டப்பகலில் நடுரோட்டில் வெட்டிக் கொன்றது 2016 மார்ச் 13-ந் தேதி, இதே உடுமலைப்பேட்டையில். அதற்கு மூன்று மாதம் கழித்து டில்லியிலிருந்து விதி வருகின்றது, குத்தகைக்கு நிலம் பார்த்துக்கொண்டு வா என்று.

ஆதலால் நாம் கேட்பது இதுதான். முதலில் குலுக்குங்கள், பேர் விழுந்தவருக்கு ஆறு மாதமோ ஒரு வருஷமோ தவணை கொடுத்து நிலம் காட்டச் சொல்லுங்கள். ஒதுக்கீட்டு இடங்களுக்குக் கம்பெனியோ ராஜாங்கமோ இடத்தை வாங்கிக் கம்பெனிப் பெயரிலேயே வைத்துக்கொண்டு, குடோனும் கட்டி, நடத்துகிறவரிடம் வாடகை வாங்கிக் கொள்ளட்டும். சர்க்கார் நினைத்தால் ஒரு தாலூகாவில் இருபது சென்டு அகப்படாதா?

பெண்கள் விஷயமும் இதைப்போன்றதே. ஒவ்வொரு பிரிவிலும் மூன்றில் ஒரு பங்கு பெண்களுக்கென்று இருக்கின்றது. நல்ல ஏற்பாடு. ஏழை வீட்டுக்கு இனாமாகக் கொடுக்கும் கேஸ் கனெக்ஷனைக்கூட 2016-ல் ஏற்பட்ட உஜ்வலா திட்டத்தில் அந்த வீட்டுப் பெண்ணின் பெயரில்தான் கொடுக்கின்றார்கள். அடுப்பு அவள் பெயரில், நல்லது. ஏஜென்சியும் அவள் பெயரில், இன்னும் நல்லது. ஆனால் ஏஜென்சி ஆபீசுக்குள் போய்ப் பாருங்கள். போர்டில் அம்மாள் பெயரைப் பெரிதாக எழுதியிருக்கும். நாற்காலியில் வீட்டுக்காரர் உட்கார்ந்திருப்பார். அம்மாள் எங்கே என்று கேட்டால், “அம்மணி வூட்டுல சமையலா இருக்குதுங்க” என்று பதில் வரும். உண்மையாகவே தானே உட்கார்ந்து கணக்குப் பார்க்கும் பெண்களும் இருக்கின்றார்கள். அவர்களுக்கு நம் வணக்கம். மற்ற இடங்களில் ஏன் இப்படி ஆகின்றதென்றால், நிலம் அவளுடையதல்ல. விதிப்படி மாமனார் நிலத்தையும் கணவன் நிலத்தையும் அவர்கள் சம்மதத்தின் பேரில் காட்டலாம். சம்மதம் கொடுத்தவன் நாற்காலியில் உட்காராமல் வேறு யார் உட்காருவது? பெண்ணுக்குச் சொத்தில் சமபங்கு வேண்டுமென்று செங்கற்பட்டு மகாநாட்டில் 1929-ல் தீர்மானம் செய்யப்பட்டது. தமிழ்நாட்டில் அது சட்டமானது 1989-ல். இந்தியா முழுமைக்கும் 2005-ல். சட்டம் வந்தும் நம் கொங்கு நாட்டில் தங்கை “எனக்கு வேண்டாமுங்க அண்ணா” என்று விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டு, பதிலுக்குச் சீர்வரிசை வாங்கிக்கொண்டு போவது நின்றபாடில்லை. அந்தப் பத்திரம் எழுதும் நாளில்தான் அவள் கேஸ் ஏஜென்சிக்கு யோக்கியதை இழக்கின்றாள்.

2009-ம் வருஷத்துக் கிராமத் திட்டத்தில் கணவன் மனைவி இருவரையும் பங்காளிகளாகச் சேர்த்தார்கள். அது கொஞ்சம் புத்திசாலித்தனமான ஏற்பாடு என்போம். பங்காளி என்று காகிதத்தில் இருந்தால் நாளைக்கு வீட்டில் சண்டை வந்தாலும் பாதிக் கணக்கைக் கேட்க அவளுக்கு ஒரு பிடி இருக்கும்.

ஒரு குடும்பத்துக்கு ஒரு ஏஜென்சிதான் என்ற விதியைப் பற்றியும் ஒரு வார்த்தை. குடும்பம் என்றால் கணவன், மனைவி, கல்யாணமாகாத மக்கள் என்பது கணக்கு. ஆகவே மகனுக்குக் கல்யாணம் முடிந்த மறுநாளே அவன் வேறு குடும்பமாகிவிடுகின்றான். அடுப்பு மாத்திரம் ஒன்றாகவே இருக்கும்! உத்திரமேரூர்ச் சபையார் கணக்குக் காட்டாதவனுடைய சித்தி மகன், அத்தை மகன், மாமன், மருமகன் வரையில் பட்டியல் போட்டுத் தள்ளினார்கள். அந்த ஒரு விஷயத்தில் அவர்கள் நம் எண்ணெய்க் கம்பெனிகளைவிடக் கெட்டிக்காரர்கள்.

இனி, வழக்குகள் ஏன் இவ்வளவு பெருகுகின்றன என்பதைப் பார்ப்போம். காகிதங்களை நேரில் சோதிப்பது எப்போது? குலுக்கலுக்குப் பின்! அதாவது, மனுவில் எழுதிக் கொடுத்ததை நம்பிக் குடத்தில் பெயரைப் போட்டுவிடுகின்றார்கள். பேர் விழுந்தவனிடம் பணம் கட்டிக்கொண்டு, பிறகு ஆபீசர் டேப்பும் கையுமாக வந்து நிலத்தை அளக்கின்றார். அப்போதுதான் ஒரு மீட்டர் குறைவதும் பத்திரத் தேதி பிந்துவதும் வெளியே வருகின்றன. தள்ளிவிட்டால் தள்ளப்பட்டவன் கோர்ட்டுக்குப் போகின்றான். தள்ளாவிட்டால் மற்றவன் போகின்றான். தள்ளிவிட்டு மிச்சம் உள்ளவர்களுக்குள் மறுபடியும் குலுக்கினால் முதலாவது ஆள் தடையுத்தரவு வாங்குகின்றான். கல்யாணப் பந்தலில் தாலி கட்டிய பிறகு மாப்பிள்ளையின் வயதை விசாரிக்கிற கதைதான் இது. எல்லோர் காகிதத்தையும் முதலில் சோதித்து, யார் யார் பெயர் சேர்ந்தது, யாருடையது எதற்காகத் தள்ளப்பட்டது என்று தாலூகா ஆபீசிலும் பஞ்சாயத்து ஆபீசிலும் பட்டியல் ஒட்டி, ஆட்சேபணையைக் கேட்டு முடித்துவிட்டு அப்புறம் குலுக்கினால், முக்கால்வாசி வக்கீல்களுக்கு வேலை இல்லாமற் போகும். வேலை அதிகம், செலவு அதிகம் என்று கம்பெனிகள் சொல்லலாம். மனு ஒன்றுக்குப் பொதுப் பிரிவில் 10,000 ரூபாய் வரையில் 2016-ம் வருஷ விதியில் கட்டணம் வைத்தார்களே, அது எந்த வேலைக்காம்?

விதியைக் கொஞ்சம் தளர்த்தி, குறை இருந்தாலும் ஏழையாயிருந்தால் விட்டுவிடலாமே என்று இரக்கமுள்ள சிலர் நம்மிடம் சொல்லுகின்றனர். அதை நாம் ஒப்புவதற்கில்லை. 1979-ல் பம்பாய் விமான நிலையத்துப் பலகாரக் கடை வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு இதற்கு ஒரு நல்ல காரணம் சொல்லியிருக்கின்றது. ஓட்டல் தொழிலில் ஐந்து வருஷ அனுபவம் உள்ளவர்தான் டெண்டர் போடலாம் என்று விளம்பரம் செய்துவிட்டு, அது இல்லாத ஒருவருக்குக் கொடுத்துவிட்டார்கள். சர்க்கார் தான் வைத்த விதிக்குத் தானே கட்டுப்பட்டது என்றது கோர்ட்டு. ஏனெனில், அந்த அனுபவம் நமக்கில்லையே என்று பேசாமல் வீட்டில் இருந்துவிட்ட எத்தனையோ பேர் விதி தளரும் என்று தெரிந்திருந்தால் தாங்களும் மனுப் போட்டிருப்பார்கள் அல்லவா? (வழக்குப் போட்டவர் காலங்கடந்து வந்தார் என்று அவருக்குப் பரிகாரம் கொடுக்கவில்லை என்பது வேறு விஷயம்.) விதியைத் திரைக்குப் பின்னால் தளர்த்தினால் அதன் பயன் ஒருநாளும் ஏழைக்குப் போகாது; ஆபீசரைத் தெரிந்தவனுக்கே போகும். ஆகவே விதி கெட்டதாயிருந்தால் விளம்பரத்துக்கு முன்னே அதை மாற்றச் சொல்லிப் போராட வேண்டும். விளம்பரம் வந்தபின் அது எல்லோருக்கும் ஒன்றாகவே இருக்க வேண்டும்.

விதிகளில் மலைக்காடுகளுக்கென்று ஒரு தனிப் பிரிவும் வைத்திருக்கின்றார்கள். நமது தாலூகாவில் ஆனைமலைக் காட்டுக்குள் தளிஞ்சி, குருமலை, மாவடப்பு என்று மலைவாசிகளின் ஊர்கள் இருக்கின்றன. விறகு எடுத்தால் காட்டிலாகா, எடுக்காவிட்டால் பட்டினி என்று இருந்தவர்கள் அவர்கள். அப்படிப்பட்ட இடத்துக்கு ஒரு ஏஜென்சி வந்தால், அங்கே பட்டா நிலம் காட்டக் கூடியவன் யார் என்று கம்பெனிக்காரர்கள் ஒரு முறை மலையேறி வந்து பார்த்துவிட்டு விளம்பரத்தை எழுதினால் நன்றாயிருக்கும்.

நிலமும் தைரியமும் உள்ள நம் தோழர்கள், முக்கியமாகப் பெண்களும் தாழ்த்தப்பட்ட வகுப்பினரும், அடுத்த விளம்பரத்துக்குக் கட்டாயம் மனுப் போட வேண்டுமென்று கேட்டுக் கொள்ளுகின்றோம். மனு தள்ளப்பட்டால் காரணத்தை எழுத்தில் கேளுங்கள். இவை சர்க்கார் கம்பெனிகள் ஆதலால் 2005-ம் வருஷத் தகவல் உரிமைச் சட்டப்படி கேட்க உங்களுக்குப் பாத்தியம் உண்டு. எல்லாவற்றிற்கும் மேலாகப் பத்திரத் தேதியைக் கவனியுங்கள். வழக்குகளில் பாதி அந்த ஒரு தேதியில்தான் மடிகின்றன. கடைசித் தேதிக்கு ஒரு வாரம் முன்னதாகவே சப்-ரிஜிஸ்திரார் ஆபீசுக்குப் போய்விடுங்கள். வெள்ளிக்கிழமையானால் காலை பத்தரை மணிக்குப் போவது உத்தமம். பன்னிரண்டு மணி வரையில் ராகு காலம் என்று மற்றவர்கள் வெளியே வேப்ப மரத்தடியில் நின்று கொண்டிருப்பார்கள். உள்ளே கூட்டம் குறைவாயிருக்கும்.